டார்ஜானுக்கு வக்கீல் இருந்தார்

18+ இழை இது. படம் இல்லை, லிங்க் இல்லை, வர்ணனையும் இல்லை. அதனால ஆபீஸ்ல உட்கார்ந்தே படிக்கலாம். கொஞ்சம் நீளம், டீ எடுத்துட்டு வந்துடுங்க.

90ஸ் கிட்ஸ் நாஸ்டால்ஜியா போஸ்ட்ல அப்பப்போ ஒரு வரி வரும். "அந்த டார்ஜான் சிடி ஞாபகம் இருக்கா?" கீழே நூறு சிரிப்பு எமோஜி. யாரும் பேர் சொல்ல மாட்டாங்க, எல்லாருக்கும் புரியும். 1995ல இத்தாலிய இயக்குநர் ஜோ டமாட்டோ எடுத்த 'டார்ஜான் எக்ஸ்'தான் அது. பர்மா பஜார் சிடி காலத்துல ஊர் ஊராப் போன படம்.

அந்தச் சிரிப்பைப் பத்தி எனக்குப் புகார் இல்லை. ஆனா இந்த வகைப் படங்கள், அதாவது பழைய சாகசக் கதைகளை எடுத்து அடல்ட் பகடியா மாத்தின படங்கள், விட்டுட்டுப் போனது சிரிப்பு மட்டும்தானாங்கறதுதான் கேள்வி. டார்ஜான், பிளாஷ் கார்டன், கடற்கொள்ளையர்னு அம்பது வருஷ வரலாறு இருக்கு. ஒரு டாக்டரா அதைப் பார்க்கும்போது எனக்கு ஒரே ஒரு விஷயம்தான் திரும்பத் திரும்ப உறுத்துது: பேர். யாரோட பேரை யார் காப்பாத்தினாங்க, யாரோட பேர் தெருவுக்கு வந்துச்சு.

ஆரம்பத்துல இருந்து வர்றேன்.

பிளாஷ் கார்டன்னா 1934ல அலெக்ஸ் ரேமண்ட் வரைஞ்ச அமெரிக்க காமிக்ஸ். விண்வெளி, கொடுங்கோல் சக்கரவர்த்தி, காதலி, ராக்கெட். 1936ல யுனிவர்சல் கம்பெனி அதைத் தொடர்படமா எடுத்து வாராவாரம் தியேட்டர்ல ஓட்டினாங்க. அதைப் பார்த்து வளர்ந்த பசங்கள்ல சில பேர் பெரியவங்களாகி, 1970களோட தொடக்கத்துல ஒரு அடல்ட் பகடி எடுத்தாங்க. 'பிளாஷ்' 'பிளெஷ்' ஆச்சு. ஆங்கிலத்துல ஒரே ஒரு எழுத்து மாற்றம், மின்னல் போய் சதை வந்துடுச்சு. 'பிளெஷ் கார்டன்', 1974 ரிலீஸ்.

யுனிவர்சல் கம்பெனி வழக்குப் போடுவோம்னு மிரட்டுச்சு. உடனே படத்தோட ஆரம்பத்துலயே 'பழைய ஹீரோக்களைக் கேலி செய்யும் படம், அவ்வளவுதான்' என்கிற மாதிரி ஒரு அறிவிப்பைப் போட்டாங்க. கற்பனை ஹீரோவுக்கு முதல் பாதுகாப்பு அங்கேயே வந்தாச்சு. இதை ஞாபகம் வெச்சுக்கோங்க.

சுவாரஸ்யம் அதுக்குப் பின்னாடி இருக்கு. அந்தப் படத்தோட மாயாஜாலக் காட்சிகளுக்கு வேலை பார்த்தவங்க யாரு தெரியுமா? டென்னிஸ் ம்யூரன் அதுல ஒருத்தர். பிறகு 'ஸ்டார் வார்ஸ்'ல சேர்ந்து, 'இ.டி.', 'டெர்மினேட்டர் 2', 'ஜுராசிக் பார்க்'னு ஆஸ்கர் மேல ஆஸ்கர் வாங்கினவர். மினியேச்சர் செஞ்ச கிரெக் ஜீன், 1977ல ஸ்பீல்பெர்க்கோட 'க்ளோஸ் என்கவுண்டர்ஸ்' படத்துல வர்ற அந்தப் பிரம்மாண்ட தாய்க்கப்பலைக் கட்டினவர். அந்த மாடல் இன்னிக்கு ஸ்மித்சோனியன் மியூசியத்துல இருக்கு. படத்துல வர்ற ராட்சசனுக்குக் குரல் கொடுத்தவர் க்ரெய்க் டி. நெல்சன். 'தி இன்க்ரெடிபிள்ஸ்' ஆங்கிலத்துல பார்த்திருந்தா, அந்த அப்பாவோட குரல்தான். ராட்சசனுக்கு டைட்டில்ல அவர் பேர் கிடையாது.

இவங்க எல்லாருக்கும் அந்தப் படம் ஒரு பட்டறை. பொம்மையை ஒரு ஃப்ரேமுக்கு ஒரு இம்மி நகர்த்தி நகர்த்தி உயிர் கொடுக்கற ஸ்டாப் மோஷன் வேலையைப் பெரிய ஸ்டுடியோக்கள் பெருசா சீண்டாத காலம். இந்தப் பகடிப் படத்துல அதுக்கு இடம் கிடைச்சுது. அந்த ராட்சசன் காட்சியில இருக்கற உழைப்பு அதோட கதையில இல்லவே இல்லைங்கறது என் அபிப்ராயம்.

அதுல ஜிம் டேன்ஃபோர்த்னு ஒருத்தர். அதுக்கு முன்னாடியே, 1964ல வந்த ஒரு படத்துக்காக ஆஸ்கர் பரிந்துரை வரைக்கும் போனவர். இந்தப் படத்தோட டைட்டில்ல அவரோட பேர் 'மிஜ் ஹ்ட்ரோஃப்நாட்'னு வரும். வேற்றுக்கிரகவாசி பேர் மாதிரி இருக்கா? ஜிம் டேன்ஃபோர்த்தோட ஆங்கில எழுத்துகளை அப்படியே தலைகீழா எழுதினா வர்றது அது. வேலையும் ஆச்சு, பேரும் தப்பிச்சுது. பாராட்டறேன், நக்கல் இல்லை.

ஏன்னா அந்த வாய்ப்பு கேமராவுக்குப் பின்னாடி நின்னவங்களுக்கு மட்டும்தான் இருந்துச்சு. முன்னாடி நின்னவங்களால பேரைத் தலைகீழா எழுதிக்க முடியும், முகத்தை?

இத்தனைக்கும் அன்னிக்குக் கலிஃபோர்னியாவுல நிலைமை இன்னும் மோசம். காசு கொடுத்து நடிகர்களை நிஜமா உறவு கொள்ள வெச்சுப் படம் எடுத்தா, அதைப் பாலியல் தொழிலுக்கு ஆள் பிடிக்கற குற்றமா வழக்குப் போட்டுடுவாங்க. 'பிளெஷ் கார்டன்' முதல்ல அப்படித்தான் எடுக்கப்பட்டுச்சு. போலீஸ் பிரச்னை வந்ததும் அந்தக் காட்சிகளை வெட்டி லாஸ் ஏஞ்சலஸ் போலீஸ் கையில கொடுத்துட்டு, மிச்சத்தை ரிலீஸ் பண்ணினாங்க. 1988ல கலிஃபோர்னியா உச்ச நீதிமன்றம் ஃப்ரீமேன் வழக்குல தீர்ப்பு சொன்னதுக்கு அப்புறம்தான், நடிக்க சம்பளம் கொடுக்கறது அந்தக் குற்றம் ஆகாதுன்னு தெளிவாச்சு. அதாவது 1988 வரைக்கும் இது சட்டத்தோட கண்ணுல ஒரு வேலையே இல்லை. வேலையே இல்லாத இடத்துல தொழிலாளர் பாதுகாப்பு எங்க இருந்து வரும்?

இப்போ டார்ஜானுக்கு வருவோம்.

எட்கர் ரைஸ் பர்ரோஸ் 1912ல எழுதின கதை. மனுஷன் எழுத்தாளர்ங்கறதைவிட நல்ல வியாபாரி. 1923லயே தன் பேர்லயே ஒரு கம்பெனி ஆரம்பிச்சார். டார்ஜான்ங்கற பேரைப் பொம்மை, காமிக்ஸ், சினிமான்னு எங்க பயன்படுத்தினாலும் அந்தக் கம்பெனிக்குக் காசு போகணும். அவர் 1950ல காலமான பிறகும் கம்பெனி கண்ணுல விளக்கெண்ணெய் விட்டுக்கிட்டு உட்கார்ந்திருந்துச்சு.

1975ல பெல்ஜியம் கார்ட்டூனிஸ்ட் பிஷா, டார்ஜானைக் கிண்டல் பண்ணி பெரியவங்களுக்கான கார்ட்டூன் படம் எடுத்தார். கம்பெனி கோர்ட்டுக்குப் போச்சு. 1979ல அந்தப் படம் அமெரிக்காவுக்கு வந்தப்போ தலைப்புல டார்ஜானே இல்லை. 'ஷேம் ஆஃப் தி ஜங்கிள்'. வெறும் காடு. ஹீரோவோட பேரைக் கழட்டி வெச்சுட்டுத்தான் உள்ளே வர முடிஞ்சுது.

பிறக்காத ஒருத்தன், இறக்காத ஒருத்தன், காகிதத்துல மட்டும் வாழற ஒருத்தன். அவனோட பேர் கெட்டுடக் கூடாதுன்னு இவ்வளவு ஏற்பாடு.

(இடையில ஒரு விஷயம். இந்தப் பகடிகள் ஹீரோவோட துணியை உருவினதே தவிர, கதையோட அடித்தளத்துல கை வைக்கலை. வெள்ளைக்காரன் காட்டுக்கு ராஜா, ஆப்பிரிக்காவே ஒரு செட் பிராப்பர்ட்டிங்கற நினைப்பு மூலக் கதையில எப்படி இருந்துச்சோ அப்படியே இவற்றுலயும் இருக்கு. பகடின்னா எதையாவது கவிழ்க்கணும். இங்க கவிழ்ந்தது கச்சை மட்டும்.)

அடுத்தது 2005. 'பைரேட்ஸ்'. ஜானி டெப் நடிச்ச 'பைரேட்ஸ் ஆஃப் தி கரீபியன்' 2003ல வந்து ஓடு ஓடுன்னு ஓடினதும் வந்த பகடி. பத்து லட்சம் டாலருக்கு மேல செலவுன்னு கம்பெனி சொல்லிக்கிச்சு. சினிமாக்காரங்க சொல்ற பட்ஜெட்டை எவ்வளவு நம்பலாம்ங்கறது உங்களுக்கே தெரியும். ஆனா காசு போட்டது திரையில தெரியும்: கிராஃபிக்ஸ் எலும்புக்கூடுகளோட கத்திச்சண்டை, பின்னணி இசை, நிஜக் கப்பல்.

அந்தக் கப்பலுக்குத் தனிக் கதை உண்டு. பேர் 'பவுண்ட்டி'. மார்லன் பிராண்டோ நடிச்ச 'மியூட்டினி ஆன் தி பவுண்ட்டி' 1962 படத்துக்காகக் கட்டின மரக்கப்பல். ஃப்ளோரிடாவுல செயின்ட் பீட்டர்ஸ்பர்க்ல நின்னுக்கிட்டு இருந்தப்போ இந்த அடல்ட் படத்தோட ஷூட்டிங் அதுல நடந்துச்சு. அதே கப்பல்தான் 2006ல வந்த நிஜ 'பைரேட்ஸ் ஆஃப் தி கரீபியன்' ரெண்டாம் பாகத்துலயும் வேற பேர்ல நடிச்சுது. அசலுக்கும் பகடிக்கும் ஒரே கப்பல்! கடைசியில 2012 அக்டோபர்ல சாண்டி புயல்ல மூழ்கிடுச்சு. கப்பலைப் பத்தி இரங்கல் எழுதினவங்க பிராண்டோவைச் சொன்னாங்க, டெப்பைச் சொன்னாங்க. கப்பல்மேல எந்தக் கறையும் ஒட்டலை.

'பைரேட்ஸ்' படத்தை அடுத்த வருஷம் வெட்டி ஆர் ரேட்டிங்ல சாதாரண வீடியோ கடைக்கும் கொண்டு வந்தாங்க. ரெண்டாம் பாகம் 2008ல வந்துச்சு. 2009ல அமெரிக்காவுல மேரிலேண்ட் பல்கலைக்கழகத்துல மாணவர்கள் அதைத் திரையிட ஏற்பாடு பண்ண, அந்த மாநில செனட்டர் ஆண்டி ஹாரிஸ், இதைப் போட்டா பல்கலைக்கழகத்துக்கு அரசு நிதியை நிறுத்தணும்னு கிளம்பினார். நிர்வாகம் பயந்து ரத்து பண்ணிடுச்சு. மாணவர்கள் விடலை. வகுப்பறையில கருத்துச் சுதந்திரத்தைப் பத்திப் பேச்சு வெச்சு, கூடவே படத்துல கொஞ்ச நேரத்தை ஓட்டிக் காட்டினாங்க. நாடு முழுக்க செய்தி ஆச்சு.

அந்த செனட்டர் தொழில்ல மயக்க மருந்து டாக்டர். நம்மாளு! அதான் எனக்கு ஆச்சரியம். ஒரு டாக்டர் இந்தப் படத்தைப் பத்திக் கேட்கக்கூடிய கேள்விகள் எத்தனையோ இருந்துச்சு. அதுல நடிச்சவங்களுக்கு என்ன பாதுகாப்பு? டெஸ்ட் எப்போ எடுத்தாங்க? காயம் பட்டா சிகிச்சைச் செலவு யாரோடது? ரெண்டு தரப்புமே அதைக் கேட்கலை. ஒருத்தருக்கு ஒழுக்கம், இன்னொருத்தருக்கு சுதந்திரம். நடுவுல இருந்த உடம்பு யாருக்கும் தெரியலை.

அந்த உடம்பைப் பத்தி ஏற்கெனவே அச்சுல வந்த ஒரு அறிக்கை இருந்துச்சு. அமெரிக்க அரசோட நோய்த் தடுப்பு மையம், சிடிசி, 'பைரேட்ஸ்' வந்த அதே 2005 செப்டம்பர்ல வெளியிட்டது. 2004ல லாஸ் ஏஞ்சலஸ் அடல்ட் படத் துறையில நடந்த எச்ஐவி பரவல் பத்தினது. பகடிப் படத்துல நடந்தது இல்லை. ஆனா அதே ஊர், அதே துறை, அதே டெஸ்ட் முறை.

விஷயம் இதுதான். ஒரு ஆண் நடிகர், 40 வயசு. பிப்ரவரி 12 டெஸ்ட்: நெகடிவ். நடுவுல பிரேசில் போய் நடிச்சுட்டு வர்றார். மார்ச் 17 டெஸ்ட்: நெகடிவ். ஏப்ரல் 9 டெஸ்ட்: பாசிட்டிவ். இந்த இடைவெளியில அவரோட நடிச்ச பெண்கள் 13 பேர். அதுல 3 பேருக்குத் தொற்று.

எல்லாரும் ஒழுங்கா டெஸ்ட் எடுத்தாங்க, கவனிங்க. சர்டிஃபிகேட் பார்த்துட்டுத்தான் ஷூட்டிங். ரத்தத்துல வைரஸோட மரபணுவையே தேடற பிசிஆர் டெஸ்ட்தான் அது, மட்டமான டெஸ்ட் இல்லை. ஆனா எந்த டெஸ்ட்டுக்கும் ஒரு ஜன்னல் காலம் உண்டு. வைரஸ் உள்ளே வந்து, பெருகி, டெஸ்ட்டுல மாட்டற அளவுக்கு வளர நாள் ஆகும். அதனால நெகடிவ்னு வர்ற காகிதம் இன்னிக்கு நிலைமையைச் சொல்லலை, சில நாள் அல்லது சில வாரத்துக்கு முந்தின நிலைமையைச் சொல்லுது. நம்ம அரசு மருத்துவமனை நம்பிக்கை மையத்துல 'மூணு மாசம் கழிச்சு இன்னொரு தடவை வாங்க'ன்னு சொல்றது இதுக்குத்தான். ஆள் கூட்டறதுக்கு இல்லை.

இதுக்குத் தடுப்பு ஆணுறை. அது திரையில தெரிஞ்சா விற்காதுன்னு துறைக்குள்ள பரவலா ஒரு நம்பிக்கை. எலும்புக்கூட்டுக்குக் கிராஃபிக்ஸ் பண்ணக் காசு இருந்துச்சு.

இந்த கிராஃபிக்ஸ்ல இருந்து ஒரு விஷயம் சொல்லணும், ஏன்னா இது என் ஓபி வரைக்கும் வருது. 'பைரேட்ஸ்' பார்த்த ஒருத்தர்கூட எலும்புக்கூடு சண்டை நிஜம்னு நம்ப மாட்டார். 'பிளெஷ் கார்டன்' ராட்சசன் பொம்மைன்னு குழந்தைக்கும் தெரியும். ஆனா அதே படத்துல கட்டில் காட்சி வந்ததும் அது டாக்குமெண்ட்டரி ஆயிடுது! இருபத்தி மூணு வயசுப் பையன் வந்து தலையைக் குனிஞ்சு, 'சார், எனக்கு ஏதோ குறை'ங்கறான். எதை வெச்சு சொல்றேன்னு கேட்டா மென்னு முழுங்குவான். அளவு, நேரம் ரெண்டுமே படத்துல இருந்து எடுத்த கணக்கு. தம்பி, பல மணி நேரம் நிறுத்தி நிறுத்தி எடுத்து, மாத்திரை ஊசியெல்லாம் போட்டு, எடிட்டிங் டேபிள்ல ஒட்டவெச்சதுப்பா அது, அதுவும் ஸ்பெஷல் எஃபெக்ட்தான்னு புரிய வைக்கவே பத்து நிமிஷம் ஆகும். வெளிய நூறு பேர் வரிசையில நிப்பாங்க. அந்தப் பத்து நிமிஷத்தை நாம கொடுக்கலைன்னா, லாட்ஜ்ல ரூம் போட்டு உட்கார்ந்திருக்கற 'டாக்டர்' ஆயிரக்கணக்குல காசு வாங்கிட்டு லேகியம் கொடுப்பார். விசித்திரமான உடை, வாள், கப்பல்னு படத்தைச் சுத்தி இத்தனை பொய் இருக்கறதே, நடுவுல இருக்கறது மட்டும் உண்மைன்னு நம்ப வைக்குதோன்னு எனக்கு ஒரு சந்தேகம்.

திரும்பப் பேருக்கு வர்றேன்.

1998லயும் இதே துறையில ஒரு எச்ஐவி பரவல் நடந்துச்சு. அதுக்கப்புறம் ஷேரன் மிட்செல்ங்கற முன்னாள் நடிகை ஒரு மருத்துவ மையம் ஆரம்பிச்சாங்க. சுருக்கமா ஏய்ம். நடிகர்களுக்கு மாசா மாசம் டெஸ்ட், ஆலோசனை, சிகிச்சை. அரசும் செய்யாத, தயாரிப்பாளரும் செய்யாத வேலையைத் தொழில்ல இருந்தவங்களே செஞ்சுக்கிட்டாங்க. 2004 பரவலை அந்த மூணு பேரோட நிறுத்தினதுல அவங்களுக்குப் பெரிய பங்கு உண்டு. யார் யாரோட நடிச்சாங்கன்னு பட்டியல் எடுத்துத் தேடிப்பிடிச்சு, சில வாரம் ஷூட்டிங்கையே நிறுத்த வெச்சாங்க.

2011ல ஒரு இணையதளம் 12,000க்கும் மேற்பட்ட நடிகர், நடிகைகளோட நிஜப் பேரை வெளியிட்டுச்சு. சில பேரோட வீட்டு முகவரி, குடும்ப விவரம்கூட. அந்த மையத்தோட டெஸ்ட் டேட்டாபேஸ்ல இருந்துதான் போச்சுன்னு பரவலா பேசப்பட்டுச்சு. கொஞ்ச நாள்ல மையத்தையே மூடிட்டாங்க.

ஒரு டாக்டரா இதைப் படிக்கும்போது வயிறு கலங்குது. ரத்தம் கொடுக்கும்போது நிஜப் பேர் சொல்லித்தான் ஆகணும். உலகத்துல அவங்க நிஜப் பேர் சொன்ன இடங்கள்ல ஒண்ணு அது. அங்க இருந்தே போச்சுன்னா?

டேன்ஃபோர்த் தன் பேரைத் தானே தலைகீழா எழுதிக்கிட்டார், தப்பில்லை. நெல்சன் பேர் போடாமலே போனார், தப்பில்லை. டார்ஜான் பேருக்கு ஒரு கம்பெனியே காவல். ரத்தமும் சதையுமா இருந்த பன்னிரண்டாயிரம் பேருக்குக் காவல் இல்லை.

"விரும்பித்தானே போனாங்க, தெரிஞ்சுதானே நடிச்சாங்க"ன்னு ரிப்ளை வரும், தெரியும். சுரங்கத்துக்கும் தெரிஞ்சுதான் போறாங்க. அதுக்காக ஹெல்மெட் வேண்டாம்னு சொல்றோமா? அப்புறம், மீண்டு வந்தவங்க இல்லையான்னும் கேட்பீங்க. உண்டு. 1976ல 'ஆலிஸ் இன் ஒண்டர்லேண்ட்' கதையோட அடல்ட் மியூசிக்கல் பகடியில நாயகியா நடிச்ச கிரிஸ்டீன் டிபெல், 1979ல பில் முர்ரேயோட 'மீட்பால்ஸ்'ல நடிச்சாங்க, 1980ல ஜாக்கி சானோட முதல் அமெரிக்கப் படத்துல ஜோடி. அருமை. இந்த வரலாற்றுல அப்படி இன்னும் நாலு பேரைச் சொல்லுங்கன்னா நான் திணறிடுவேன். அதே காலத்து எஃபெக்ட்ஸ் ஆட்களைச் சொல்லுங்கன்னா மூச்சு விடாம சொல்வேன்.

2012 நவம்பர்ல லாஸ் ஏஞ்சலஸ் மாவட்ட மக்கள் ஓட்டுப் போட்டு, படப்பிடிப்புல ஆணுறை கட்டாயம்னு சட்டம் கொண்டு வந்தாங்க. கம்பெனிகள் வேற இடத்துக்கு நகர ஆரம்பிச்சுது. 2016ல அதையே கலிஃபோர்னியா முழுக்கக் கொண்டு வர 'முன்மொழிவு 60'னு ஒரு வாக்கெடுப்பு வந்துச்சு, தோத்துப் போச்சு. எதிர்த்தவங்கள்ல நடிகர், நடிகைகளே நிறைய பேர். ஆணுறையே வேண்டாம்ங்கறது மட்டும் அதுக்குக் காரணம் இல்லை. விதி மீறினா மாநிலத்துல வசிக்கற யார் வேணும்னாலும் வழக்குப் போடலாம்னு அதுல ஒரு பிரிவு இருந்துச்சு. வழக்குன்னா நிஜப் பேர், முகவரி. 2011ஐப் பார்த்தவங்க பயந்ததுல என்ன ஆச்சரியம்? நான் ஆணுறைக் கட்சிதான். ஆனா அந்தப் பிரிவை எழுதினவங்க ஒரு நடிகையோட உட்கார்ந்து அஞ்சு நிமிஷம் பேசியிருந்தா அதை எழுதியிருக்கவே மாட்டாங்க.

நம்ம நாட்டுல 2017ல எச்ஐவி, எய்ட்ஸ் தடுப்புச் சட்டம் வந்துச்சு, 2018 செப்டம்பர்ல இருந்து நடைமுறையில இருக்கு. ஒருத்தரோட எச்ஐவி நிலையை அவரோட சம்மதம் இல்லாம வெளிய சொல்றதுக்கு, சட்டம் அனுமதிச்ச சில சூழ்நிலை தவிர, தடை. டாக்டர், நர்ஸ், லேப், எல்லாருக்கும் பொருந்தும். கேஸ் ஷீட் அட்டையில பெருசா சிவப்பு மையில எழுதி வைக்கற பழக்கம் இருக்கற வார்டுகளுக்கும் சேர்த்துத்தான் சொல்றேன்.

டிஎம்ல எல்லாருக்கும் பதில் போட முடியாது, டூட்டி இருக்கு. பயமா இருந்தா பக்கத்து அரசு மருத்துவமனையில நம்பிக்கை மையம்னு கேளுங்க, டெஸ்ட்டும் ஆலோசனையும் இலவசம். போன்ல பேசணும்னா 1097, அதுவும் இலவசம். ஆணுறை கிழிஞ்சது மாதிரி எதாவது ஆகி 72 மணி நேரம் தாண்டலைன்னா, கூகுள் பண்ணிட்டு இருக்காம நேரா கேஷுவாலிட்டிக்கு வாங்க. தடுப்பு மாத்திரை 28 நாள். எவ்வளவு சீக்கிரம் ஆரம்பிக்கறோமோ அவ்வளவு நல்லது.